முனியாண்டி பக்கம் திரும்பிய ஊசி

கண்டிக்கு ரயில் வந்த வருடம், பேராதனைக்கு மேலே இருந்த ஒரு தோட்டத்துத் துரைக்குக் காப்பி கசந்துபோனது. உலகமெங்கும் தண்டவாளம் போடுகிறார்கள். சுவீடன்காரன் மலையைக் குடைகிறான், ஸ்பெயின்காரன் குடைகிறான். தன் மலையில் மட்டும் இரும்புக்கல் இல்லாமலா போகும்? திசைகாட்டியை ஏந்திக்கொண்டு அலைந்தார்.

ஒரு நாள் பலா மரத்தடியில் ஊசி வெடுக்கென்று திரும்பியது. அங்கே இருந்தது முனியாண்டி.

அந்தக் கறுத்த, கனத்த கல்லை நட்டுச் சாமியாக்கியவள் காப்பிப் பழம் பறிக்கும் பேச்சியம்மா. மன்னாரிலிருந்து காட்டு வழியாக நடந்து வந்ததில் கூட வந்த பலரைக் காய்ச்சல் கொண்டுபோனது. தானும் புருஷன் வீரய்யாவும் பிழைத்ததற்கு அவள் செய்த நன்றி அது. தோட்டத்து ஆட்கள் வரிசையாகக் குடியிருந்த லயத்தில் பிள்ளைக்குப் பேர் வைப்பதென்றாலும் முனியாண்டியைக் கேட்டுத்தான்.

"துரையோட மிசினையே திரும்பிப் பார்க்க வச்சிட்டாரு சாமி!" என்று லயமே கும்பிட்டது.

"கும்பிடு வேணாம். நாளைக்குச் சம்மட்டி கொண்டா. உடைச்சு லண்டன் அனுப்பு" என்றார் துரை.

பேச்சியம்மாவுக்குச் சோறு இறங்கவில்லை.

"ஏங்க, அந்த ஊசி நம்ம சாமிய மட்டுந்தான் பார்க்குமா?"

"எங்க? போன வாரம் மம்பட்டியோட கிட்டப் போனேன். ஊசி என்னையப் பார்த்துச்சு. தள்ளிப் போடான்னு துரை கத்துனாரு" என்றான் வீரய்யா.

மறுநாள் மண்வெட்டிகளையெல்லாம் தூரப் போடச் சொல்லிவிட்டுத் துரை பலா மரத்தடிக்கு வந்தார். தூறல். பேச்சியம்மா ஓடிப்போய்க் குடை பிடித்தாள். அவள் மடி புடைத்திருந்தது.

"எத்தனை மாசம்டி?" என்றாள் லயத்தில் பக்கத்துக் காம்பராவில் குடியிருந்த பாலம்மா.

"சாமியக் கேளு."

ஊசி முனியாண்டியைக் கண்டுகொள்ளவேயில்லை. துரை ஊசியைப் பார்த்தார். ஊசி பேச்சியம்மாவைப் பார்த்தது. பேச்சியம்மா பாதையைப் பார்த்து நடந்தாள். சம்மட்டிக்காரர்கள் எட்டத் தள்ளியே பின்னால் போனார்கள்.

லயத்துக்குப் பின்னால் ஒரு பள்ளம். அங்கே கிணறு வெட்டித் தரச் சொல்லிப் பெண்கள் கேட்டுக் கேட்டுச் சலித்திருந்தார்கள். ஓடையிலிருந்து குடம் சுமந்து அவர்களுக்கு இடுப்பு ஒடிந்தது. பேச்சியம்மா சரியாக அங்கே, "கால் வலிக்குதுங்க" என்று உட்கார்ந்தாள். ஊசி அசையாமல் நின்றது.

"இங்கதான்! அந்தக் கல் சும்மா கல். இங்க வெட்டு!"

எழுந்திருக்கும்போது மடியிலிருந்த மண்வெட்டித் தகட்டைச் சருகுக்குள் தள்ளினாள். இறங்கி வெட்டிய வீரய்யாவின் கையில்தான் அது முதலில் அகப்பட்டது. மேலே துரை குனிந்து பார்த்துக்கொண்டிருந்தார். வேறு வழியின்றி அதைக் காலால் சேற்றில் அமுக்கிக்கொண்டே ஆழ வெட்டினான்.

இரும்பு வரவில்லை. தண்ணீர் வந்தது.

துரை அசரவில்லை. ஒரு கை அள்ளிக் குடித்து, "இரும்பு ருசி!" என்றார். அன்றிலிருந்து தினமும் காலையில் மருந்துபோல ஒரு குவளை. கண்டியிலிருந்து வந்த விருந்தாளிகளுக்கும் போத்தலில் கொடுத்தனுப்பினார்.

"பாவம், ஏமாத்திட்டியேடி" என்றாள் பாலம்மா, குடத்தை நிரப்பியபடி.

"ஏமாத்தலயே. மம்பட்டி உள்ளதான கெடக்கு" என்றாள் பேச்சியம்மா.