பின்கயிற்றின் கழித்தல் குறி

2025 ஜூன் 10, செவ்வாய். 5.10க்கு எழுந்தேன். 6.25 பேருந்தில் கிருஷ்ணகிரி. 7.40க்கு மாங்கூழ் ஆலையில் கையெழுத்து. அங்கே பதிவேடுகள் என் பொறுப்பு. மேசையைத் துடைத்து, இரண்டு பென்சில்களைச் சீவிக்கொண்டேன்.

ஒவ்வொரு தொழிலாளியும் செய்யும் வேலையை ‘அறிவியல்படி’ அளந்து தரச் சொல்லியிருந்தார் மேலாளர். விசை, தூரம், இரண்டுக்கும் இடையிலுள்ள கோணம். மகளின் பெட்டியிலிருந்து பாகைமானி கொண்டுபோயிருந்தேன். கயிற்றில் வில்தராசை மாட்டினேன். மாம்பழ வண்டியை முன்னால் இழுப்பவர்: 200 நியூட்டன், 20 மீட்டர், கயிற்றின் சாய்வு 30 பாகை. 3,464 ஜூல். முழுதாக 4,000 போட்டு அவருக்குச் சலுகை காட்டவில்லை.

கழுவும் தொட்டிக்கு முன் பத்து மீட்டர் இறக்கம். அங்கே அவர் மனைவி பின்கயிற்றைப் பிடித்து, வண்டி ஓடிவிடாமல் மெல்ல இறக்குவார். 150 நியூட்டன். வண்டி போவது கீழே, அவர் இழுப்பது மேலே, கோணம் 180. ஆகவே கழித்தல் 1,500 ஜூல் என்று எழுதினேன்.

மேலாளர் அந்தக் குறியைச் சிவப்பில் வட்டமிட்டார்.

“மைனஸா? இந்தம்மா கம்பெனிக்கு எதிரா வேல செய்யுதா?”

“வண்டி போற திசைக்கு எதிரா சார்.”

“அதத்தான் நானும் சொல்றேன். நாளைல இருந்து பின்னாடி ஆள் வேணாம். வேலைல இருக்கணும்னா அவங்களும் முன்னாடி வந்து இழுக்கட்டும். ப்ளஸ் ஆயிடும்ல?”

ஆகும் என்றேன். கணக்கு அப்படித்தான் சொல்கிறது.

அந்தம்மாவிடம் செய்தியை நான்தான் சொல்ல வேண்டியிருந்தது.

“ஏன் சார், எறக்கத்துல ரெண்டு பேரும் முன்னாடி நின்னு இழுத்தா, கூழு பழத்துல வராது. எங்க காலுலதான் வரும்.”

கணவர் சிரிக்கவில்லை. தினமும் வண்டிக்கு முன்னால் நிற்பவர் அவர்.

வீடு திரும்பும் பேருந்தில் தாளை நான்கு முறை சரிபார்த்தேன். ஒரு பிழையும் இல்லை. பிழை இருந்திருந்தால் திருத்தியிருப்பேன்.

ஜூன் 11. முதல் வேலையாக, மேசையைக்கூடத் துடைக்காமல், எல்லாவற்றையும் புதுத் தாளில் எழுதி, அந்த வரிக்குப் பதிலாக இப்படிப் போட்டேன்: ‘வண்டி இவர்மேல் செய்த வேலை: 1,500 ஜூல்.’ இதுவும் சரியான கணக்குதான். மேலாளர் தாளை மேலிருந்து கீழ்வரை பார்த்தார். மைனஸ் எங்கும் இல்லை. “இதுதாங்க ரிப்போர்ட்டு. அவங்க அங்கயே நிக்கட்டும்,” என்று கையெழுத்திட்டார்.

இறக்கத்துக்குப் போய்ச் சொன்னேன்.

“வேல செஞ்சது வண்டியா? அப்ப கூலிய அதுக்கே குடுத்துருங்க சார்,” என்றபடி அந்தம்மா பின்கயிற்றைக் கையில் இரண்டு சுற்றுச் சுற்றிக்கொண்டார்.