நூறு வருச வாசல்

பெட்ரோல் கிடைக்காமல் பஸ்கள் கரியில் ஓடிய யுத்த காலம். காலை மணி ஒன்பது ஐம்பத்தைந்து. மதுரையில் எங்கள் கல்லூரியின் பெரிய வாசலுக்கு முதலாண்டு மாணவன் ஒருவன் கால் முழுக்கப் புழுதியோடு ஓடிவந்தான். பத்து மணிக்கு அவனுக்கு ஆண்டுத் தேர்வு. முதலாண்டுக்காரர்கள் பக்கவாசலில்தான் நுழைய வேண்டும் என்று மூத்த மாணவர்கள் நாங்கள் மறித்தோம்.

"கரிபஸ் வழியில நின்னுபோச்சுண்ணே. சுத்திப்போனா பரீட்சை போயிரும்."

"நூறு வருச வழக்கம் மாப்ள. உனக்காக மாத்தவா?" என்றேன். எனக்கு மூத்தவர்கள் அப்படித்தான் சொல்லியிருந்தார்கள்.

"நூறு வருசமா? இந்த வாசலக் கட்டுன கொத்தனாரு எங்கப்பாண்ணே. நாலு வருசந்தான் ஆச்சு."

நண்பர்கள் என்னைப் பார்த்துச் சிரித்தார்கள். அந்தச் சிரிப்புக்காகவே நான் விடவில்லை. வேறு காரணம் எதுவும் இன்றுவரை எனக்குக் கிடைக்கவில்லை.

"சுத்திப் போடா" என்றேன்.

ஓடினான். பாதி வழியில் மணி அடித்தது. தாமதமாக வருபவர்களைத் தேர்வுக்கூடத்தில் விடுவதில்லை. அந்த வருடம் அவன் தேறவில்லை.