கப்பித்தான் வீட்டில் இருந்த காலம்

மழையில் நனைந்த இரும்பைத் தொட்டுவிட்டு விரலை மூக்கருகே கொண்டுபோனால் இரத்தத்தின் வாடை போல ஒன்று வரும். என் ஏழாவது வயது அந்த மணத்தோடுதான் நினைவில் தொடங்குகிறது. இங்கிலாந்தின் கிழக்குக் கரையில் ஒரு சின்னஞ்சிறு பட்டினத்தில் நாங்கள் வாடகைக்கு இருந்த வீட்டின் வாசற்கதவுக்குப் பக்கத்துச் சுவரில், நீல நிறத்தில் வட்டமான இரும்புத் தகடு ஒன்று பதித்திருந்தார்கள். அதில் ஓர் ஆளின் பெயரும், பெயருக்குக் கீழே இரண்டு ஆண்டுகளும், அவர் இந்த வீட்டில் வாழ்ந்தவர் என்ற ஒரு வரியும் இருந்தன. பள்ளிக்கூடம் விட்டு வந்ததும், அம்மா கதவைத் திறக்கும்வரை அந்த எழுத்துகளை விரலால் தடவிக்கொண்டு நிற்பேன்.

அந்த ஊருக்கு அப்படியொரு பைத்தியம். எப்போதோ அங்கே வாழ்ந்த பெரிய மனிதர்களையெல்லாம் வீட்டுச் சுவர்களில் ஆணி அடித்து நிறுத்தி வைத்திருந்தார்கள். இறைச்சிக்கடைக்கு மேலே ஒரு நீதிபதி. ஆடு திருடியவனையும் தூக்கில் போட்டவராம். தேவாலயத்துக்கு எதிரே துதிப்பாட்டுக் கட்டிய பாதிரியார் ஒருவர். தபாற்கந்தோருக்குப் பக்கத்தில், செடி தேடி மலைமலையாக அலைந்த சீமாட்டி ஒருத்தி. எங்கள் பங்குக்குக் கிடைத்தவர் ஒரு கப்பல் தலைவர். அம்மா அவரைக் "கப்பித்தான்" என்பார்.

அம்மாவுக்கு அந்தத் தகட்டைக் கண்ணில் காட்டக் கூடாது. நாங்கள் விட்டு வந்த யாழ்ப்பாணத்தில் பெயரோடு பிறந்த ஆண்டையும் இறந்த ஆண்டையும் சேர்த்துப் பொறிப்பது செத்தவர்களின் நினைவுக் கல்லில்தான். ஆகவே கப்பித்தான் இந்த வீட்டுக்குள்தான் செத்திருக்கிறார், அவருடைய "துடக்கை" ஒருவரும் கழிக்கவில்லை என்று அம்மா முடிவு கட்டிவிட்டார். சாவு நடந்த வீட்டில் கிரியைகள் முடியும்வரை நல்ல காரியம் எதுவும் செய்யமாட்டார்கள். அதற்குத்தான் துடக்கு என்று பெயர். அம்மாவின் கணக்கில் நாங்கள் ஒருபோதும் முடியாத துடக்குக்குள் குடியிருந்தோம். அங்கே பொங்கல் பொங்கவில்லை. என் பிறந்தநாளுக்கான கேக்கைக்கூட அப்பாவோடு பெற்றோல் நிலையத்தில் வேலை செய்தவருடைய வீட்டில்தான் வெட்டினோம். அப்பாவுக்கு இதெல்லாம் பகிடி. செத்தவன் வாடகை கேட்கவில்லைத்தானே என்று சொல்லிவிட்டுக் குளிக்கப் போய்விடுவார்.

பக்கத்து வீட்டில் ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர் தனியாக இருந்தார். வெள்ளைக்காரப் பெண்மணி, நாங்கள் "ரீச்சர்" என்போம். ஞாயிற்றுக்கிழமைகளில் ஊர் பார்க்க வருகிறவர்களைக் கூட்டிக்கொண்டு, தகட்டுக்குத் தகடு நின்று கதை சொல்வது அவர் வேலை. குடைகளோடு ஒரு கூட்டம் எங்கள் வாசலில் நின்று மேல்மாடி ஜன்னலை அண்ணாந்து பார்க்கும். உள்ளே அம்மா திரைச்சீலையை இழுத்து மூடிவிட்டு, என்ன சொல்கிறார்கள் என்று என்னைக் கேட்பார். கப்பித்தான் கனடாவின் வடக்கே கடல்வழி தேடிப் போனவர், பனிக்கட்டி கப்பலை நெரித்துவிட்டது, அவர் திரும்பி வரவேயில்லை என்று நான் மொழிபெயர்த்தேன். வீட்டுக்குள் சாகவில்லை என்று தெரிந்தால் அம்மாவுக்கு நிம்மதி வரும் என்று நினைத்தேன். மாறாக, உடலும் கிடைக்காத சாவா என்று அம்மாவின் முகம் இன்னும் கறுத்தது.

அந்த ஆண்டின் இலையுதிர் காலத்தில், இங்கிலாந்தில் எங்களுக்கு இருக்க அனுமதி கிடைக்காது என்று தெளிவாகிவிட்டது. அப்பா முதலில் கனடா போவது, போய்ச் சேர்ந்ததும் எங்களை அங்கே கூப்பிட்டு எடுப்பது என்று முடிவாயிற்று. ஆட்களைக் களவாக நாடு தாண்டவைக்கும் "ஏஜென்சிக்காரன்" ஒருவன், ஹொலண்ட் வரைக்கும் லொறி, அங்கிருந்து கப்பல் என்று வழி சொல்லியிருந்தான். எங்களிடம் தொலைபேசி இல்லை. கரை இறங்கியதும் ரீச்சர் வீட்டுக்குப் போன் எடுப்பதாக அப்பா அவருடைய இலக்கத்தைப் பாடமாக்கினார்.

புறப்பட்ட காலை தூறிக்கொண்டிருந்தது. அப்பா பையைத் தூக்கித் தோளில் போட்டார், என் தலையைக் கலைத்துவிட்டார், பிறகு அந்தத் தகட்டில் இரண்டு தட்டுத் தட்டினார்.

"அப்ப கப்பித்தான், நீர் போன பாதையால நானும் போறன்."

எங்கள் ஆட்கள் வாசலைத் தாண்டும்போது "போறன்" என்று சொல்வதில்லை. "போட்டு வாறன்" என்பார்கள். திரும்பி வருவதும் அந்தப் பேச்சுக்குள் இருக்க வேண்டும். கடைக்குப் பால் வாங்கப் போகிறவரும் அப்படித்தான் சொல்வார். அம்மா ஈரத்தில் வெறுங்காலோடு இறங்கிப் பின்னால் ஓடினார்.

"போட்டு வாறன் எண்டு சொல்லுங்கோ. இஞ்சேருங்கோ, சொல்லிப்போட்டுப் போங்கோ."

அப்பா அதற்குள் தெருவில் நின்ற வான் வண்டிக்குள் ஏறிவிட்டார். கண்ணாடிக்குப் பின்னால் சிரித்துக்கொண்டு கையைக் காட்டினார். அம்மா சொன்னது அவருக்குக் கேட்டதோ, அதையும் பகிடியாக எடுத்தாரோ, எனக்குத் தெரியாது.

அதற்குப் பிறகு எங்கள் வீட்டில் எல்லாமே சுவரைக் கேட்டுக்கொண்டிருந்தன. ரீச்சர் வீட்டுத் தொலைபேசி எங்கள் சமையலறைச் சுவருக்கு அந்தப் பக்கம் இருந்தது. அது அடிக்கும்போது அம்மா அகப்பையைப் பிடித்தபடி அசையாமல் நிற்பார், மணி நிற்கும், ரீச்சரின் குரல் மெல்லக் கேட்கும், பிறகு எங்கள் கதவு தட்டப்படுமா என்று இருவரும் காத்திருப்போம். தட்டப்படவில்லை. பனி கொட்டத் தொடங்கியது, கடல் சாம்பல் நிறமானது, சந்தையில் தெரிந்தவர்கள்கூட அம்மாவைக் கண்டால் என்ன கேட்பதென்று தெரியாமல் வேறு பக்கம் பார்த்தார்கள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை கூட்டம் வாசலுக்கு வந்தபோது, அம்மா தானாகவே திரைச்சீலையைத் திறந்து, ஜன்னலையும் சற்று உயர்த்தி, என்னைக் கிட்ட வரச் சொன்னார். ரீச்சர் கப்பித்தானின் மனைவியைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தார். அவள் இந்த மேல்மாடி ஜன்னலில் விளக்கேற்றி வைத்துப் பல ஆண்டுகள் காத்திருந்தாளாம். பனியிலிருந்து எடுத்த கையுறை ஒன்றோடு மாலுமிகள் வந்தபோது, அது என் புருஷனுடையது அல்ல என்று கதவைச் சாத்தினாளாம். நான் ஒரு வரியும் விடாமல் சொன்னேன்.

"நல்லாச் செய்தா," என்றார் அம்மா. பிறகு கேட்டார், "அவவின்ர பேரை ஏன் உந்தத் தகட்டில போடேல்லை?"

அன்று முதல் அம்மாவின் போக்கு மாறிவிட்டது. தகட்டை வெறுத்தவர், குத்துவிளக்குத் துலக்குவது போல அதைப் பழப்புளி போட்டுத் துலக்கத் தொடங்கினார். போகிற வருகிற ஊர்க்காரர் நின்று மெச்சினார்கள். அந்நிய நாட்டுப் பெண்ணுக்கு எங்கள் ஊரின் மேல் எவ்வளவு பற்று என்று ரீச்சரிடம் சொன்னார்களாம். மேல்மாடி ஜன்னலில் மின்விளக்கு பகலிலும் எரிந்தது. எனக்குப் பயமாக இருந்தது. அப்பா கப்பித்தானாகிவிடுவார் என்ற பயத்தைவிட, அம்மா அந்த மனைவியாகிக்கொண்டிருக்கிறாரே என்ற பயம்தான் கூடுதலாக இருந்தது. அந்த முகம் தெரியாத பெண்மேல் எனக்கு வந்த கோபம் இன்னும் முழுதாக ஆறவில்லை.

பனி கரைகிற காலத்தில் அப்பாவோடு லொறியில் போன ஒரு பொடியன் அப்பாவின் பையோடு வந்தான். ஹொலண்டில் காய்ச்சல் என்று தன்னைக் கப்பலில் ஏற்றவில்லை என்றும், பாரம் கூடாது என்று சொன்னதால் அண்ணை பையைத் தன்னிடம் தந்துவிட்டு ஏறினவர் என்றும், அந்தக் கப்பலைப் பற்றி அதன்பிறகு ஒருவருக்கும் ஒரு தகவலும் இல்லை என்றும் நிலத்தைப் பார்த்துக்கொண்டு சொன்னான். அம்மா கதவைச் சாத்துவார் என்றே நினைத்தேன். அவர் பொடியனுக்குச் சோறு போட்டார். பிறகு பையிலிருந்த உடுப்புகளையெல்லாம் தோய்த்து, இஸ்திரிப்பெட்டியால் மினுக்கி, மடித்துச் சூட்கேசில் வைத்தார். கனடாவில் குளிர் கூடுதல், மனுசன் மாற்றுடுப்பு இல்லாமல் நிற்கும் என்றார்.

அதற்கடுத்த ஆண்டு ஸ்காபரோவிலிருந்த பெரியம்மா எங்களை ரொறன்ரோவுக்கு எடுத்தார். அந்த உடுப்புகள் எங்களோடு வந்தன. அம்மா இங்கே பஸ்ஸிலும் கோயிலிலும் தமிழ்க்கடைகளிலும் ஆண்களின் முகத்தை நேராகப் பார்த்துக்கொண்டு நடந்தார். ரெக்ஸ்டேலில் அப்பாவைப் போல ஒருவரைக் கண்டதாக யாரோ சொல்ல, பெரும் பனிக்குள் என்னையும் இழுத்துக்கொண்டு போனார். கதவைத் திறந்தவர் எவரோ ஒரு மலையாளி. இறந்த திதி தெரியாததால் திவசம் செய்ய முடியாது, ஐயரிடம் கேட்டு ஒரு நாளைக் குறித்துக் கொடுப்போம் என்று பெரியம்மா ஒருதரம் வாயெடுத்தார். அதன்பிறகு இரண்டு சகோதரிகளும் ஓராண்டுக்கு மேல் கதைக்கவில்லை. அம்மா ஒரு நாளும் பொட்டில்லாமல் வெளியே இறங்கியதில்லை.

சென்ற மாசியில், பிக்கரிங்கில் என் வீட்டில், அம்மா காலமானார். ஊர்ப் பெருமக்களைப் பற்றி அந்த இங்கிலாந்துப் பட்டினம் இப்போது இணையத்தில் ஒரு பக்கம் வைத்திருக்கிறது. நீதிபதி இருக்கிறார், பாதிரியார் இருக்கிறார், கப்பித்தான் தாடியோடு இருக்கிறார். ரீச்சர் இல்லை. விளக்கு வைத்தவளுக்கு இன்னும் பெயர் இல்லை. எங்கள் வீடு தங்குவிடுதியாகிவிட்டது.

அம்மாவின் மரண அறிவித்தலைக் கொடுக்கத் தமிழ் வானொலிக்கு நான்தான் போன் எடுத்தேன். மறுமுனையில் இருந்தவர் பொறுமையான மனிதர். அம்மாவின் பெயரையும் ஊரையும் எழுதிக்கொண்டார்.

"இனி இன்னாரின் அன்பு மனைவி எண்டு வரவேணும். அப்பா காலஞ்சென்றவரோ, பிள்ளை?"

இத்தனை ஆண்டுகளில் அந்தக் கேள்வியை யாரும் என்னிடம் நேரே கேட்டதில்லை. அப்பா செத்துவிட்டார் என்று எனக்கு எப்போதோ தெரியும். ஆனால் அம்மாவின் பெயருக்குப் பக்கத்தில் வைத்து அதைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

"இல்லை அண்ணை. அந்தச் சொல் போடவேண்டாம்."

"அப்ப சரி," என்றார் அவர். குரலில் ஒரு கனிவு வந்தது. "தொடர்புக்கு நாங்கள் கணவரின்ர நம்பரைத்தான் முதல் வாசிக்கிறனாங்கள். அப்பான்ர நம்பரைச் சொல்லுங்கோ, பிள்ளை, எழுதுறன்."

அம்மா செத்த வீட்டில் அதுவரை அழாமல் நின்ற நான், அந்த இடத்தில் அப்பாவுக்காக அழுதேன். வானொலிக்காரர் மறுமுனையில் காத்துக்கொண்டிருந்தார்.