அறுபத்து மூன்றில் நிற்கும் விளையாட்டு

கோடு அறுபத்து மூன்று சதவீதம் வரைக்கும் ஓடும். அதற்கு மேல் ஓடாது. கொஞ்ச நேரம் அப்படியே நிற்கும். கன்சோல் பெட்டிக்குள் டிஸ்க் சுற்றும் சத்தம் ஏறும், இறங்கும், மறுபடி ஏறும். பிறகு, இந்த விளையாட்டை இன்ஸ்டால் செய்ய முடியவில்லை என்று திரையில் ஒரு வரி வரும். ஏன் முடியவில்லை என்று சொல்லாது. ஒரு பிழை எண்ணைக் கொடுக்கும். அந்த எண்ணை வலையில் தேடினால், உலகம் முழுவதும் அதே எண்ணோடு உட்கார்ந்திருக்கிறவர்கள் ஒருவரையொருவர் "உங்களுக்குச் சரியானதா?" என்று கேட்டுக்கொண்டிருப்பார்கள்.

அண்ணன் வளைகுடாவிலிருந்து ஒரு மாத லீவில் வந்திருந்தான். ஜூன் மாதம், அருமனையில் மழை விடாமல் பெய்துகொண்டிருந்தது. ரப்பர் மரங்களில் பால்வெட்டு நின்றுபோயிருந்ததால் அப்பாவும் பகல் முழுக்க வீட்டில் இருந்தார். நான் கம்ப்யூட்டர் படிப்பை முடித்துவிட்டு, வராத வேலைக்காக மின்னஞ்சலைத் திறந்து திறந்து மூடிக்கொண்டிருந்தேன்.

அண்ணன் வெளிநாட்டுக்குப் போனபோது அவன் தங்கை நான் எட்டாம் வகுப்பு. எங்களுக்குள் பத்து வயது வித்தியாசம். போனில் பேச ஆரம்பித்தால் ஒரு நிமிடத்தில் பேச்சு தீர்ந்துவிடும். பிறகு இருவரும் மற்றவர் வைக்கட்டும் என்று காத்திருப்போம். போன வருடம் அவன் அறையில் கூட இருந்த ஒருவர் ஊருக்குப் போகும்போது தன் கன்சோலை இவனுக்குக் கொடுத்துவிட்டுப் போனார். அன்றுமுதல் எங்களுக்குப் பேச ஒரு விஷயம் கிடைத்தது. எந்த விளையாட்டு நல்லது, எதில் கதை இருக்கிறது, எது வெறும் வெடிச்சத்தம் என்று நான் படித்துச் சொல்வேன். அவன் கேட்பான். அப்படித்தான் அந்த ஒன்றைக் கண்டுபிடித்தோம். இரண்டு பேர் ஒரே கயிற்றில் கட்டிக்கொண்டு மலை ஏற வேண்டும். ஒருவர் பிடித்துக்கொண்டால்தான் மற்றவர் அடுத்த காலை வைக்க முடியும். தனியாக விளையாடவே முடியாது. இரண்டாவது கன்ட்ரோலர் இல்லையென்றால் முதல் பக்கத்தைத் தாண்டவே விடாது.

"டிஸ்க்கு வாங்கியாச்சு," என்று ஒருநாள் கூப்பிட்டுச் சொன்னான். "லீவுல வரும்போ பெட்டியயும் கொண்டு வாறேன். ரெண்டு பேருமா முடிச்சிட்டுத்தான் நான் திரும்பப் போவேன், கேட்டியா."

எனக்கு அந்த ஆட்டம் வேண்டியிருந்ததைவிட, ஒரு மாதம் தினமும் அவன் பக்கத்தில் உட்கார ஒரு காரணம் வேண்டியிருந்தது. அவனுக்குப் பெண் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அடுத்த லீவு கல்யாணத்துக்கு. அதற்கடுத்த லீவு வேறொரு வீட்டுக்கும் சேர்ந்தது. இந்த ஒரு மாதம் மட்டும்தான் மிச்சம் என்று எனக்குத் தெரியும். அவனுக்கும் தெரிந்திருக்கும்.

வந்த அன்று சாயங்காலமே டிவியில் மாட்டினோம். அறுபத்து மூன்றில் நின்றது.

"போட்டு, விடு," என்றான் அண்ணன். "அதுக்கும் பிளேன்ல வந்த களைப்பு காணும்."

மறுநாள் நான் முறையாக ஆரம்பித்தேன். உள்ளே இடம் போதாமல் இருக்கலாம் என்று பழைய உரிமையாளர் விட்டுப்போனதையெல்லாம் அழித்தேன். தேதியும் நேரமும் வளைகுடாக் கணக்கில் இருந்தன, மாற்றினேன். பாதி இறங்கிய கோப்புகளை நீக்கிவிட்டு மறுபடி போட்டேன். வலை இணைப்பைத் துண்டித்துவிட்டு வெறும் டிஸ்க்கிலிருந்து மட்டும் ஏற்றிப் பார்த்தேன். பொத்தானை அழுத்திப் பிடித்துக்கொண்டே உயிர்ப்பித்தால் ஒரு பழுதுபார்க்கும் பக்கம் வரும்; அதில் உள்ளதைத் திரும்ப அடுக்கச் சொன்னேன். கடைசியாகப் பெட்டியை மொத்தமாகத் துடைத்துப் புதிதாக்கினேன். ஒவ்வொன்றுக்கும் பிறகு அதே கோடு, அதே இடம்.

அப்பா பின்னால் நாற்காலியில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார்.

"பிள்ளே, ஒங்க எளவு முடிஞ்சா செய்தியப் போடு. மழ எப்ப விடும்ணு பாக்கட்டு."

"வெளிய பாத்தா தெரியாதாப்பா?"

"வெளிய பாத்தா பெய்யுதுண்ணுதான் தெரியும். எப்ப விடும்ணு அவனுவதான் சொல்லுவானுவ."

டிஸ்க் வேண்டாம், வலையிலிருந்தே இறக்கிக்கொள்ளலாம் என்று யோசிக்காமல் இல்லை. அதற்கு இன்னொரு தரம் விலை கொடுக்க வேண்டும். அண்ணன் அதற்கும் சம்மதித்தான். ஆனால் அதற்குள் ரப்பர் கிளை முறிந்து விழுந்து எங்கள் தெருவின் இன்டர்நெட் கேபிள் அறுந்து கிடந்தது. மழை விட்டால்தான் ஆள் வருவான். அந்த விளையாட்டின் கனத்துக்கு என் போனின் தினசரி டேட்டா ஒரு கை தண்ணீர்.

இதற்கிடையில் அண்ணனை வீட்டில் பிடிக்க முடியவில்லை. காலையில் ஒரு மாமா வீடு, மதியம் ஒரு சித்தி வீடு, சாயங்காலம் ஒரு பெண் வீடு. ஒவ்வொரு வீட்டுக்கும் அவன் கொண்டுவந்ததிலிருந்து அம்மா ஒரு பை கட்டிக் கொடுப்பாள்: ஒரு சோப்பு, ஒரு சென்ட், மூட்டுக்கும் தலைக்கும் தேய்க்கிற தைலம் ஒரு குப்பி. திரும்பி வந்ததும் செருப்பைக் கழற்றுவதற்கு முன்பே அவன் வாசலில் நின்று கேட்பான்.

"அது ஆச்சா?"

"இல்ல."

"எத்தனையில நிக்கிது?"

"அதே அறுபத்து மூணுலதான்."

"பெண்ணு வீட்டுலயும் அதே கததான். அங்க ஜாதகம் நிக்கிது," என்று சொல்லிவிட்டு ஈர வேட்டியோடு என் பக்கத்தில் வந்து உட்காருவான். சாப்பிடக் கூப்பிடும் வரைக்கும் இருவரும் கோட்டைப் பார்ப்போம். அந்த நேரங்களில் எனக்கு ஏதோ நம்பிக்கை இருந்தது. பெட்டி சரியாகும் என்று இல்லை. இப்படியாவது உட்கார்ந்திருக்கிறோமே என்று.

பாதி லீவு போனபிறகு பெட்டியை டவலில் சுற்றி பஸ்ஸில் மார்த்தாண்டத்துக்குக் கொண்டுபோனேன். போன் பழுதுபார்க்கும் கடை ஒன்றில் கன்சோலும் பார்ப்பதாகப் பலகை இருந்தது. கடைக்காரர் பெட்டியை மேசையில் வைத்து, தலையைச் சாய்த்துக் காதைக் கொடுத்தார்.

"லென்ஸ் போச்சு, பிள்ளே. சத்தத்தக் கேட்டாலே தெரியும். வச்சிட்டுப் போ."

"அண்ணே, அது ஒங்க ஃபேன் சத்தமாக்கும். பெட்டிய இன்னும் கரண்டுல போடல்ல."

அவர் நிமிர்ந்து ஃபேனைப் பார்த்தார். "எப்பிடியானாலும் லென்ஸாத்தான் இருக்கும்," என்றார்.

நான் வைத்துவிட்டு வரவில்லை. லென்ஸ்தானா என்று பார்க்க ஒரு நேரான வழி இருந்தது: வேறொரு டிஸ்க். கல்லூரியில் கூடப் படித்த தோழி ஒருத்தியின் வீடு நாகர்கோவிலில். அவளிடம் ஒரு கார் பந்தய விளையாட்டு இருந்தது. மறுநாள் போய் வாங்கி வந்து போட்டேன். கோடு அறுபத்து மூன்றைத் தாண்டியது. எழுபது. எண்பது. நூறு. பெட்டிக்கு ஒன்றுமில்லை. லென்ஸுக்கு ஒன்றுமில்லை. நான் அழித்ததும் மாற்றியதும் துடைத்ததும் எதுவும் தேவையே இல்லை. கோளாறு டிஸ்க்கில்.

அதை ஜன்னலோரம் கொண்டுபோய்ச் சாய்த்துப் பார்த்தேன். கீறல் இல்லை. அதனால்தான் முதல் நாளே பார்த்துவிட்டு நன்றாக இருக்கிறது என்று விட்டிருந்தேன். ஆனால் இப்போது மழை வெளிச்சத்தில், வெளி விளிம்பை ஒட்டி ஒரு பட்டை மங்கலாகத் தெரிந்தது, கண்ணாடியில் யாரோ மூச்சு விட்டதுபோல. துணியால் துடைத்தேன். போகவில்லை. இன்னும் அருகே கொண்டுவந்தால், அந்த மங்கலுக்குள் தலைமுடியைவிட மெல்லிய வெடிப்புகள். டிஸ்க்கை உள்ளிருந்து வெளியே நோக்கித்தான் பெட்டி வாசிக்கும். நடுவில் எல்லாம் சரியாக இருக்கும், விளிம்பை நெருங்கும்போது வழி அடைபடும். அதுதான் அந்த அறுபத்து மூன்று.

அண்ணன் வந்ததும் கேட்டேன். "இத எதுல வச்சுக் கொண்டு வந்த?"

"கவர்ல."

"அதுக்க டப்பா?"

"அத அங்கயே போட்டாச்சு. டப்பாவுக்கு வெயிட்டு உண்டுல்லா."

வளைகுடாவிலிருந்து ஊருக்கு வருகிறவர்கள் பெட்டி கட்டுவது ஒரு தனிக் கலை. விமானத்தில் அனுமதிக்கிற எடை கொஞ்சம். ஊரில் எதிர்பார்க்கிற முகங்கள் நிறைய. அதனால் அறையில் எல்லாரும் சேர்ந்து உட்கார்ந்து எல்லாவற்றையும் உரிப்பார்கள். செருப்பு அட்டைப்பெட்டியிலிருந்து வெளியே வரும், பொம்மை பெட்டியை இழக்கும், பால்பொடி டின்னை விட்டுக் கவருக்கு மாறும். டிஸ்க்கும் அப்படித்தான் உரிக்கப்பட்டது. மெல்லிய கவர் ஒன்றில் போட்டு, உடையக்கூடாதே என்று பயணப் பெட்டியின் நடுவில் புதுத் துவாலை மடிப்புக்குள் வைத்திருக்கிறான்.

"துவாலைக்குள்ள வேற என்ன வச்ச?"

யோசித்தான். "குப்பியெல்லாம் அதுக்குள்ளதான். கண்ணாடியில்லா."

உடையக்கூடாத இரண்டையும் ஒரே மெத்தையில் படுக்கவைத்திருக்கிறான். ஒரு தைலக் குப்பியின் மூடி கசிந்திருக்கிறது. அம்மா பெட்டி திறந்த அன்றைக்கே ஒரு குப்பி பாதிதான் இருக்கிறது என்று சொல்லியிருந்தாள். ஏர்போர்ட்காரன் எடுத்துவிட்டான் என்று அப்பா தீர்ப்புச் சொல்லியிருந்தார். யாருக்கும் வேறு சந்தேகம் வரவில்லை. துவாலை மணத்தது, சட்டை மணத்தது, மிட்டாய்கூட மணத்தது. எங்கள் பக்கம் எந்த வீட்டிலாவது வெளிநாட்டுப் பெட்டி திறந்தால் தெருவுக்கே வருகிற மணம் அது. அதை யாராவது கோளாறாக நினைப்பார்களா? அந்தத் தைலம் இந்த வகைப் பிளாஸ்டிக்கை மெல்லத் தின்னும் என்று நான் அப்புறம்தான் படித்தேன். துடைத்தால் எண்ணெய் போகும். வெடிப்பு போகாது.

"அம்மைட்ட சொல்லாண்டாம்," என்றான் அண்ணன்.

"சொல்லல்ல."

"அவதானே தைலம் தைலம்ணு சொல்லி அனுப்பினா. கேட்டா வெசனப்படுவா."

அந்த நேரம் பார்த்து அடுத்த வீட்டு மாமி நெற்றி மினுங்க உள்ளே வந்தார். "நல்ல தைலமாக்கும் மக்கா. ஒரு தேய்ப்பு, தலவலி எங்க போச்சுண்ணே தெரியல்ல."

"ஆமா மாமி," என்றேன். "நல்ல சக்தி உள்ளதுதான்."

அண்ணன் சிரிப்பை அடக்கத் தெரியாமல் உள்ளே போய்விட்டான். அந்த லீவில் அவன் அப்படிச் சிரித்தது அந்த ஒரு தடவைதான்.

மிச்ச நாட்களில் நான் செய்ததெல்லாம் தெரிந்தே செய்தவை. பற்பசை தேய்த்து மெருகேற்றலாம் என்று எங்கோ போட்டிருந்தது, தேய்த்தேன். கோடு அறுபத்து ஒன்றிலேயே நின்றது. நாகர்கோவிலில் கேட்ட கடையில், "இப்ப யாரு பிள்ளே டிஸ்க்கு வாங்கா, எல்லாம் நெட்டுலல்லா," என்று சொல்லி போன் உறையைக் காட்டினார்கள். வலையில் ஒரே ஒரு விற்பனையாளரிடம் இருந்தது. வந்து சேரும் நாள் அண்ணன் போகிற நாளுக்கு அந்தப் பக்கம். எங்கள் தெரு கேபிளைக் கட்ட ஆள் வந்தான். கட்டிவிட்டுப் போன சாயங்காலம் அடுத்த கிளை விழுந்தது.

கடைசி நாள் மதியம் நான் அந்தக் கார் பந்தயத்தைப் போட்டேன். ஒருவர் ஓட்டி முடித்ததும் மற்றவர் ஓட்டலாம்.

"வா. இதையாவது ஓட்டுவோம்."

அவன் பாயில் உட்கார்ந்து கன்ட்ரோலரை வாங்கினான். அங்கே தினமும் வேன் ஓட்டுகிறவன், முதல் திருப்பத்திலேயே சுவரில் கொண்டுபோய் இடித்தான்.

"ஒனக்கு லைசென்ஸ் யாரு தந்தா?"

"பேசாத ஏட்டி. இதுல கண்ணாடியே இல்ல, பொறவால வாறவன எப்பிடிப் பாக்க?"

வண்டியைத் திருப்பிப் பாதைக்குக் கொண்டுவந்தான். அப்போது வாசலில் குடையை மடக்கும் சத்தம். ஒரு சித்தப்பா, கையில் பார்சல்.

"அங்க நம்ம பயலுக்கு கொஞ்சம் முந்திரிக்கொத்து. ஒரு கிலோ கூட வராது, மக்கா."

அண்ணன் எழுந்தான். "நீ ஓட்டு, இப்ப வாறேன்," என்று கன்ட்ரோலரை என் மடியில் வைத்தான். சித்தப்பா போவதற்குள் அடுத்த குடை வந்தது. அங்கே இருக்கிற மகனுக்கு நல்லமிளகு, மருமகனுக்கு ஊறுகாய், யாருக்கோ ஆயுர்வேத எண்ணெய். ஒவ்வொருவரும் ஒரு கிலோ கூட வராது என்றார்கள். கொஞ்ச நேரம் நான் காத்திருந்தேன். திரையில் வண்டி பாதையோரம் உறுமிக்கொண்டே நின்றது. பிறகு எழுந்துபோய்த் தராசைப் பிடித்துக்கொண்டேன். அவன் தனியாகப் பெட்டி கட்ட முடியாது. திரும்பிப் பார்த்தபோது அப்பா செய்தி வைத்திருந்தார்.

மறுநாள் காலை, கன்சோலை என்னிடமே விட்டுவிட்டு, விமானம் ஏறத் திருவனந்தபுரத்துக்குப் புறப்பட்டான். காரில் ஏறும்போது, "அடுத்த லீவுல பாப்போம்," என்றான். நான் தலையை ஆட்டினேன். அடுத்த லீவு யாருடையது என்று இருவருக்கும் தெரியும்.

போய்ச் சேர்ந்த வாரம் கூப்பிட்டான். "அது ஆச்சா?" என்று கேட்டான். விளையாட்டு நிறுவனத்துக்கு எழுதியதையும், அவர்கள் பில்லையும் அசல் டப்பாவையும் கேட்டதையும் சொன்னேன். சொல்ல வேண்டியதைவிட நீட்டித்தான் சொன்னேன். அவனும் குறுக்கிடாமல் கேட்டான். அங்கே இன்னொரு டிஸ்க் வாங்கிவிட்டதாகச் சொன்னான். குழித்துறைக்காரர் ஒருவர் ஊருக்கு வருகிறார், கொடுத்துவிடுகிறேன் என்றான். அடுத்த தடவை கூப்பிட்டபோது, அவர் பெட்டியில் இனி எடைக்கு இடமில்லையென்று சொல்லிவிட்டார் என்றான்.

"பரவாயில்ல. வந்தாலும் நான் ஒத்தைக்கு என்ன செய்ய?"

"அதுவும் செரிதான்," என்றான். அவன் பக்கம் யாரோ பாத்திரம் கழுவும் சத்தம் கேட்டது.

அதற்கடுத்து கூப்பிட்டபோது அவன் அதைக் கேட்கவில்லை. நானும் எடுக்கவில்லை. ஜாதகம் பொருந்திவிட்டதாம், அப்பாவிடம் பேச வேண்டும் என்றான். அப்பா தோட்டத்தில் நின்றார். மழையில் போனை முந்தானைக்குள் மறைத்துக்கொண்டு போய் அவர் கையில் கொடுத்துவிட்டு வந்தேன்.