முழுக்கைச் சட்டை போட்ட உண்மை

போன ஞாயிற்றுக்கிழமை, திண்டிவனத்திலிருந்து பெருமுக்கல் போகும் வழியில் ஒரு மல்லாட்டைக் கொல்லையில் குடை பிடித்துக்கொண்டு நின்றேன். குடை எனக்கல்ல — கேமராவுக்கு. (இந்தப் பக்கம் மல்லாட்டை என்றால் வேர்க்கடலை, கொல்லை என்றால் வயல்.)

கேமரா என் நண்பனுடையது. ஆவணப்படம் எடுப்பவன். அதிலும் பரிசோதனை வகை. "உண்மைன்னு வெளியில ஒண்ணும் கிடையாதுடா. கேமராதான் அதை உண்டாக்குது" என்று வழியெல்லாம் சொல்லிக்கொண்டு வந்தான். தலையாட்டினேன். புரியாதபோது நான் நன்றாகத் தலையாட்டுவேன்.

முதல் நாள் அங்கே செல்வியைப் பார்த்து வைத்திருந்தான். கூலிக்குச் செடி பிடுங்குபவர். சேலைக்கு மேல் கணவரின் முழுக்கைச் சட்டை, தலையில் துண்டு. "நாளைக்கும் எப்பவும் போல இருங்கக்கா" என்று சொல்லிவிட்டும் வந்திருந்தான்.

ஞாயிறன்று செல்வி வந்தது பட்டுப்புடவையில்.

"அக்கா... நேத்து போட்டிருந்த சட்டை?"

"அது வெயிலுக்குப் போடுறது சார். போட்டோவுக்கா போடுவாங்க?"

கெஞ்சினான். அப்புறம்தான் விஷயம் வந்தது. அவருடைய மகளைப் பெண் பார்க்க மேல்மலையனூர் பக்கமிருந்து வருகிறார்கள்.

"சொந்தக் கொல்லைன்னு சொல்லி வச்சிருக்கோம் சார். பையன் எந்நேரமும் போனை நோண்டிக்கினு இருப்பானாம். நான் சட்டை மாட்டிக்கினு கூலிக்குப் புடுங்குறத அதுல பார்த்தா பேஜாராப் பூடும். வரப்பு மேல நின்னு வேலை வாங்குற மாதிரி எடுங்க."

"விசாரிச்சா தெரிஞ்சிடாதா?" என்றேன்.

"நெலத்துக்காரரு சென்னையில கீறாரு. இங்க வந்து யாரைக் கேப்பாங்க? எங்களத்தான" என்றார் பக்கத்துச் சாலில் குனிந்திருந்த பெண். "முதலாளியம்மா, டீத்தண்ணி எங்க?"

எல்லோரும் சிரித்தார்கள். நண்பன் மட்டும், "அது பொய்யாச்சேடா" என்றான் என் காதில்.

உண்மையே இல்லாத உலகத்தில் பொய் மட்டும் எப்படி வந்தது? கேட்டேன். முறைத்தான்.

கோட்பாடுகள் அப்படித்தான். நாம் சொல்லும்வரை நன்றாக இருக்கும். அடுத்தவர் நம்பிவிட்டால் வம்பு. பொறுமையைப் பற்றி நான் இந்தப் பத்திரிகையில் எழுதியதிலிருந்து, ரேஷன் கடை வரிசையில் மனைவி என்னைத்தான் நிறுத்துகிறாள்.

கடைசியில் வரப்பு மேலேயே எடுத்தான். "ஜல்தி ஆவட்டும்டி" என்று செல்வி இடுப்பில் கை வைத்து அதட்டினார். மற்றவர்கள் பவ்யமாகப் பிடுங்கினார்கள். அச்சு அசல் முதலாளியம்மா... கொஞ்ச நேரம்தான்.

"இன்னாடி புடுங்குறீங்க? பாதி காயி மண்ணுலயே நிக்குது."

பட்டுப்புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு இறங்கிவிட்டார். ஒரு கை நிறையச் செடி, ஒரே இழுப்பு, மண்ணை உதறி, அடுத்தது. கேமரா ஓடிக்கொண்டிருந்தது.

நிமிர்ந்தபோதுதான் செல்விக்கு உறைத்தது. "சார்... இத மட்டும் அழிச்சிடுங்க. பொண்ணு வாழ்க்கை."

அவன் என்னைப் பார்த்தான். நான் குடைக்கம்பியைப் பார்த்தேன். செல்வியைப் பக்கத்தில் கூப்பிட்டு, அவர் பார்க்கவே அழித்தான்.

திரும்பும்போது ஒரே புலம்பல். இத்தனை வருஷத்தில் அவன் எடுத்த உண்மையான காட்சி அது ஒன்றுதானாம். இனி யாரும் பார்க்க முடியாதாம்.

மற்ற படங்களை மட்டும் யார் பார்த்தார்கள் என்று கேட்க வாய் வரை வந்தது. திண்டிவனம் இன்னும் தூரம் — கார் அவனுடையது.