கூண்டில் சொன்ன சாதிப் பெயர்

எங்கள் வீட்டில் சாதிப் பெயரை யாரும் வாய்விட்டுச் சொன்னதில்லை. ஊர்தான் சொன்னது, முதுகுக்குப் பின்னால், சில வேளை முகத்துக்கு நேரே. கோயிலில் எங்கள் ஆட்களைத் தேர்வடம் பிடிக்க விடவில்லை என்று வழக்குப் போட்டபோது, அந்தப் பெயரே எங்களுக்குத் தேவைப்பட்டது. சாதியால்தான் தடுத்தார்கள் என்று காட்ட வேண்டும். கோயில்காரரோ, இவர்கள் என்ன சாதியென்றே தங்களுக்குத் தெரியாது என்று சத்தியம் பண்ணிவிட்டார்கள்.

"நீர் கூண்டில ஏறிச் சொல்லாட்டி வழக்கு நிக்காது" என்றார் எங்கள் சட்டத்தரணி, அண்ணையிடம்.

அண்ணை ஏறினார். நீதவான் சாதியைக் கேட்டார். அண்ணை ஊரைச் சொன்னார், அப்பாவின் பெயரைச் சொன்னார்; அந்தப் பெயரை மட்டும் சொல்லாமல் கூரை விசிறியைப் பார்த்தார்.

பின்வரிசை வாங்கிலிருந்து அம்மா எழும்பினார்: "சொல்லன் ராசா! நாங்கள் என்ன களவே எடுத்தனாங்கள்?"

பொலிஸ்காரர் அதட்டி அம்மாவை இருத்தினார். மன்றில் எழுந்த சிரிப்பு அடங்கியதும் அண்ணை சொன்னார், வெளி விறாந்தைக்கும் கேட்கிற மாதிரி.

வழக்கை வென்றோம், வடமும் பிடித்தோம். ஆனாலும் என் மனம் ஓடிப்போய் ஏறிக்கொள்வது, அண்ணை கூண்டேறிய அன்று வீடு திரும்பிய அந்த மினி பஸ்ஸில்தான். மருதனார்மடச் சந்தியில் வாங்கிய கடலைச் சுருளை மடியில் வைத்தபடி, அம்மா அந்தப் பெயரைத் தானும் ஒருக்கால் சொல்லிப் பார்த்தார். பிறகு இன்னும் பலமாக.

"அம்மா, மெல்ல. சனம் பாக்குது" என்றார் அண்ணை.

"பாக்கட்டுமன்" என்று கடலையை நீட்டினார் அம்மா.