அக்கா தேடிய அட்டலாண்டா

அக்கா மறைந்து ஓராண்டு நிறைகிற இந்நாளில், வீடு தேடி வந்து இந்த நினைவு மலரைக் கையில் வாங்கியிருக்கும் உங்கள் அனைவருக்கும் வணக்கம். தங்கை என்ற முறையில் இதை நான் எழுத வேண்டும் என்றார்கள். உட்கார்ந்தால் எழுத வரவில்லை. எழுந்து நடந்தால் வாக்கியம் வருகிறது, திரும்பி வந்து உட்கார்வதற்குள் போய்விடுகிறது. அச்சகத்திலிருந்து போன் வந்துகொண்டே இருக்கிறது. இதில் பெரியப்பா தலைப்பை வேறு கொடுத்துவிட்டார்: ‘தியாகத்தின் திருவுருவம்.’ அம்மாவைப் பார்த்துக்கொண்டது, என்னை வளர்த்தது, ஜன்னி கண்ட என்னை ஆஸ்பத்திரியில் சேர்த்தது எல்லாம் வரவேண்டுமாம். அந்தத் தலைப்பின் கீழ் எனக்கு ஒரு வரிகூட ஓடவில்லை. ஏன் என்று சொல்கிறேன்.

அக்கா சுரக்குடியில் விவசாயக் குடும்பத்தில் தலைமகளாகப் பிறந்தார். பள்ளி ஓட்டப் பந்தயங்களில் அவருக்கு முன்னால் ஓடியவர் யாரும் இல்லை. பத்தாம் வகுப்பில் முதல் பரிசாகக் கோப்பைக்குப் பதிலாக ஓர் ஆங்கிலப் புத்தகத்தைக் கொடுத்தார்கள். கிரேக்க நாட்டுப் புராணக் கதைகள். அதில்தான் அக்கா அட்டலாண்டாவை முதன்முதலில் பார்த்தார்.

தெரியாதவர்களுக்காகக் கதையைச் சொல்லிவிடுகிறேன். அட்டலாண்டா ஓட்டக்காரி. என்னை ஓடி ஜெயிப்பவனைத்தான் மணப்பேன் என்றாள். ஒருவனாலும் முடியவில்லை. கடைசியில் ஒருவன் மூன்று தங்க ஆப்பிள்களோடு வந்தான். அவள் முந்தும்போதெல்லாம் ஒன்றை உருட்டிவிட்டான். அவள் குனிந்து எடுத்தாள். மூன்றாவதை எடுத்து நிமிர்வதற்குள் அவன் எல்லையைத் தாண்டிவிட்டான்.

அக்கா அந்தப் பரிசு வாங்கிய ஆண்டுதான் நான் பிறந்தேன். பிரசவத்துக்குப் பிறகு அம்மாவால் வெகுநாள் எழுந்து நடமாட முடியவில்லை. அக்காவைப் புதுச்சேரியில் பெரிய போட்டிக்குத் தேர்ந்தெடுத்திருந்தார்கள். அவர் போகவில்லை. என்னைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டார். அதன் பிறகு எந்தப் பந்தயத்திலும் அவர் ஓடியதில்லை.

கல்யாணமோ காதுகுத்தோ, எங்கே போனாலும் யாராவது என் கன்னத்தைக் கிள்ளி, “ஒன்னாலதான்டி ஒங்கக்கா ஓட்டத்த விட்டா” என்பார்கள். பிரியமாகத்தான் சொன்னீர்கள், தெரியும். எனக்கு அது சோற்றில் கல்லாக இருந்தது. அக்காவின் வாழ்க்கையை நான்தான் கெடுத்தேனா? இதை அவரிடம் கேட்கும் தைரியம் எனக்கு வரவேயில்லை.

அக்கா தேர்வெழுதி அரசு அலுவலக வேலைக்கு வந்தார். அத்தானை மணந்து கோவில்பத்தில் குடியேறினார். ஆனால் கால் மட்டும் ஓரிடத்தில் நிற்காது. காய் நறுக்குவதும் நடந்துகொண்டுதான். பஸ்ஸுக்காகக் காத்திருக்க மாட்டார். “அது வர்றதுக்குள்ள அடுத்த ஸ்டாப்புக்கே போயிடலாம் வா” என்று என்னையும் இழுத்துக்கொண்டு நடப்பார். பாதி வழியில் பஸ் எங்களைத் தாண்டிப் போகும். புழுதியில் நின்று நான் திட்டுவேன், அவர் சிரிப்பார். நாளடைவில் கண்டக்டர்களே பழகிப்போய் நடுவழியில் நிறுத்தி ஏற்றிக்கொண்டார்கள்.

நிற்காத அந்தக் கால்களை நிறுத்தியது பழைய புத்தகக் கடை மட்டும்தான். அலுவலக வேலையாகப் புதுச்சேரி போனால் ஞாயிறும் தங்கி, ஞாயிற்றுச் சந்தையில் பழைய புத்தகக் குவியலைக் கிளறாமல் திரும்ப மாட்டார். தேடுவது அட்டலாண்டாவை மட்டும். அவளே தன் கதையைச் சொல்வதாக ஒரு நாவல், பிரெஞ்சுப் படக்கதை ஒன்று, கவிதைத் தொகுப்பு, அவள் இந்தக் காலத்து மாரத்தான் ஓட்டக்காரியாக வரும் கதை, அட்டை கிழிந்த ஒரு தமிழ் மொழிபெயர்ப்பு. பிரெஞ்சு எங்கள் யாருக்கும் படிக்கத் தெரியாது. அதையும் படம் பார்த்தே முடித்தார். எல்லாவற்றையும் மொட்டை மாடியில் நடந்தபடியே படிப்பார். மூன்றாவது ஆப்பிள் வந்ததும் புத்தகத்தைப் பட்டென்று மூடுவார்.

“இவனும் அதையேதான் எழுதியிருக்கான். ஒருத்தனுக்காச்சும் மாத்தி எழுதத் தோணலியே!”

ஒவ்வொரு புத்தகம் வரும்போதும், குனியாமல் ஓடிய ஒருத்தியைத்தான் அக்கா தேடுகிறார், அவர் குனிந்தது என்னைத் தூக்கத்தானே என்று நினைத்துக்கொள்வேன். அலமாரியில் வரிசை நீள நீள, அந்த வீட்டில் என்னால் நிம்மதியாக ஒரு காபி குடிக்க முடிந்ததில்லை.

பிறகு நோய் வந்தது. முதலில் அது அவருடைய கால்களைத்தான் கேட்டது. கட்டிலில் கிடந்தபடி கைவிரல்களால் மட்டும் போர்வைக்கு அடியில் தாளம் போட்டுக்கொண்டிருப்பார். அத்தான் எங்கோ தேடி ஒரு புதிய அட்டலாண்டாவை வரவழைத்தார். அக்காவுக்குப் பார்வை மங்கியிருந்ததால் நான் படித்துத் தமிழில் சொன்னேன். மூன்றாவது ஆப்பிள் வந்தது. அக்காவின் முகத்தைப் பார்த்தேன். வாய்க்கு வந்ததைச் சொல்லிவிட்டேன்.

“அவ குனியலக்கா. ஆப்பிளத் தாண்டி ஓடிட்டா. ஜெயிச்சிட்டா.”

அக்கா கண்ணைத் திறக்கவில்லை. “பொய் சொல்லாதடி. எடுத்தாள்ல? உள்ளபடி படி.”

இத்தனை வருஷமாக அடக்கி வைத்திருந்த கேள்வி அப்போதுதான் வெளியே வந்தது. “குனியாதவளத்தானேக்கா நீ தேடுன? நான் பொறக்காம இருந்தா நீ ஓடியிருப்பல்ல?”

“அட லூசு” என்றார். கொஞ்சம் மூச்சு வாங்கிக்கொண்டார். “எடுக்காம ஓடுறதுல என்னடி இருக்கு? எடுத்தவ தோத்துட்டான்னு அத்தன பேரும் எழுதுறானுவ பாரு, அதுதான் எனக்கு ஆத்திரம். எடுத்துக்கிட்டே ஓடி ஜெயிச்ச ஒருத்திய எவனாச்சும் எழுதியிருக்கானான்னு தேடுனேன். ஒருத்தனும் எழுதல.” பிறகு, “ஒனக்கு ஜன்னி கண்ட அன்னைக்கி பஸ் கெடைக்கல. ஒன்னத் தூக்கிக்கிட்டு வாய்க்கா கரையிலேயே திருநள்ளாறு ஆஸ்பத்திரிக்கு ஓடுனேன். பின்னாடியே பெரியப்பா சைக்கிள்ல வந்தாரு. பிள்ளையக் குடு, குடுன்னு கத்திக்கிட்டே வந்தாரு. அவரால புடிக்க முடியல. என் பெரிய ரேஸு அதுதான்டி” என்றார்.

அன்று அவர் சிரித்த சிரிப்புக்கு இந்த மலரில் போட்டிருக்கும் எந்தப் படமும் ஈடாகாது. அடுத்த வாரம் அவர் எங்களை விட்டுப் போனார். என்னைத் தேற்றுவதற்காகத்தான் அப்படிச் சொன்னாரோ என்ற அரிப்பு மட்டும் இந்த ஓராண்டாக என்னை விடவில்லை.

கடைசி நாட்களில் அக்காவைக் குழந்தை போலப் பார்த்துக்கொண்ட அத்தானுக்கும், கோவில்பத்து அண்டை வீட்டாருக்கும், முறை போட்டு வந்து உடனிருந்த அலுவலகத் தோழியருக்கும், முகம் சுளிக்காத செவிலியருக்கும், நடுவழியில் பஸ்ஸை நிறுத்திய கண்டக்டர்களுக்கும் எங்கள் குடும்பம் என்றும் நன்றியுடையது. அக்காவின் புத்தகங்கள் கூடத்து மேசையில் இருக்கின்றன. விரும்பியவர்கள் எடுத்துச் செல்லலாம்.

கடைசி நன்றி பெரியப்பாவுக்கு. தலைப்புக்காக அவரோடு சண்டை போடப் போன வாரம் போனேன். அக்கா சொன்னதைச் சொல்லி, உண்மையா என்று கேட்டேன். அவர் மேல்துண்டை மடித்து மடித்துப் பிரித்தார்.

“உண்மதாம்மா. மிதிச்ச மிதியில செயினே கழண்டு போச்சு. மாட்டிக்கிட்டு நிமுந்து பாத்தா அவ முதுகுதான் தெரியுது. அதுவும் திருப்பத்துல மறஞ்சிட்டு. நான் போய்ச் சேந்தப்ப ஒனக்கு ஊசியே போட்டாச்சு.” கண்ணைத் துடைத்துக்கொண்டார். “வெளில சொல்ல எனக்கு வெக்கமா இருந்துச்சு. நீ தலைப்ப மாத்திக்கம்மா.”

மாற்றிவிட்டேன். ஆகவே உறவினர்களே, இனி என் கன்னத்தைக் கிள்ள வருபவர்கள் ஒன்றை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். அன்று அக்காவின் இடுப்பில் இருந்தவள் நான். ஆஸ்பத்திரிக்கு முதலில் போய்ச் சேர்ந்தது நாங்கள்தான்.